கொலுசு வேண்டாம் தம்பி: தோழிக்கு என்ன பரிசு வாங்கலாம்?

கேள்வி: கல்லூரியில் ஒன்றாகப் படித்த தோழி. பன்னிரண்டு வருடப் பழக்கம். சொந்த ஊர் சாத்தூர் பக்கம், இப்போது கல்யாணமாகிக் கோயம்புத்தூரில் இருக்கிறாள். வங்கியில் அதிகாரி வேலை, இரண்டு வயதில் ஒரு பையன். காபிப் பைத்தியம். அடுத்த மாதம் பிறந்தநாள் வருகிறது. நெருக்கமான பரிசாக இருக்க வேண்டும், ஆனால் காதல் கீதல் என்று யாரும் நினைக்கும்படி இருக்கக் கூடாது. 2,000 ரூபாய் வரை செலவு செய்யலாம். ஒரு வெள்ளிக் கொலுசு பார்த்து வைத்திருக்கிறேன். வாங்கலாமா?

கொலுசு வேண்டாம் தம்பி.

திருநெல்வேலியில் பதினெட்டு வருடம் கிஃப்ட் கடை வைத்திருந்தவன் நான். உங்கள் கேள்வியைக் கல்லாவுக்கு எதிரே நின்று, குரலைத் தாழ்த்திக் கேட்டவர்கள் ஏராளம். "அண்ணே, ஃப்ரெண்டுதான், வேற ஒண்ணும் இல்ல" என்று அவர்களாகவே ஆரம்பிப்பார்கள். நானும் ஒன்றும் கேட்டிருக்க மாட்டேன். பாதிப் பேர் கடைசியில் ஒரு டெடி பியரை வாங்கிக்கொண்டு போவார்கள். அது ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

கொலுசு ஏன் கூடாது? உங்கள் மனதில் ஒன்றும் இல்லாமல் இருக்கலாம். ஆனால் பொருளுக்கென்று ஊரில் ஒரு பேச்சு இருக்கிறது. நம்மூரில் கொலுசு வாங்கிக் கொடுப்பவர் அப்பா, தாய்மாமன், அப்புறம் கணவர். மோதிரம், செயின், சேலை, பெர்ஃப்யூம் எல்லாம் இந்த வரிசையில்தான் வரும். உடம்பில் படுகிற பொருளுக்கு உரிமை என்கிற வாசனை உண்டு. நீங்கள் நட்பாகக் கொடுத்தாலும், அவள் அதைப் போட்டுக்கொண்டு நடக்கும்போது மாமியார் "புதுசா இருக்கே, யார் வாங்கித் தந்தது?" என்று கேட்பார். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லும் வேலையை நீங்கள் அவள் தலையில் கட்டுகிறீர்கள். பிறந்தநாள் அதுவுமாக அவளுக்கு எதற்கு அது? (இன்றைய வெள்ளி விலையில் 2,000 ரூபாய்க்குக் கனமான கொலுசு கிடைக்காது என்பது தனிக் கதை.)

நானே இந்தத் தப்பைச் செய்தவன்தான். கடை போடுவதற்கு முன்பு, என்னோடு டியூஷன் சென்டரில் பாடம் எடுத்த ஒரு தோழிக்குக் கைக்கடிகாரம் வாங்கிக் கொடுத்தேன். ஒரு மாதச் சம்பளத்தில் பாதி. வாங்கும்போது எனக்கு ரொம்பப் பெருமை. அவள் கல்யாணத்துக்குப் பிறகு ஒருநாள் வீட்டுக்குப் போனபோது அது அலமாரியில், வாங்கின டப்பாவிலேயே இருந்தது. "பத்திரமா வச்சிருக்கேன்" என்றாள். கட்டிக்கொள்ள முடியாத கடிகாரத்தைப் பத்திரமாகத்தான் வைக்க முடியும். அவள் மேலும் தப்பில்லை, அவள் கணவர் மேலும் தப்பில்லை. எனக்கு முன்யோசனை இல்லை, அவ்வளவுதான்.

அன்றிலிருந்து நான் வைத்திருக்கும் சோதனை ஒன்றே ஒன்று. வீட்டுக் கூடத்தில், எல்லோரும் உட்கார்ந்திருக்கும்போது, அவள் இதைப் பிரிக்க முடியுமா? கணவர் பக்கத்தில் இருக்கிறார், மாமியார் டீவி பார்க்கிறார், பையன் ஜிகினாத் தாளைப் பிடித்து இழுக்கிறான். அந்த நேரத்தில் பெட்டியைத் திறந்து "பாருங்க, எனக்கு என்ன அனுப்பியிருக்கான்னு" என்று அவளால் சிரித்துக்கொண்டே தூக்கிக் காட்ட முடிந்தால் அது சரியான பரிசு. ஒரு நொடியாவது தயங்கி, உள்ளே போய்ப் பிரிக்கலாமா என்று யோசிக்க வைத்தால் அது எவ்வளவு அழகாக இருந்தாலும் வேண்டாம்.

ஆனால் இந்தச் சோதனையை மட்டும் வைத்துக்கொண்டு கடைக்குப் போனால் சுவர்க் கடிகாரமும் லெமன் செட்டும்தான் வாங்கி வருவீர்கள். அவற்றை எந்தக் கூடத்திலும் பிரிக்கலாம். யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள், யாரும் சந்தோஷப்படவும் மாட்டார்கள். அடுத்த கிரகப்பிரவேசத்துக்கு அந்த லெமன் செட் வேறு வீட்டுக்குப் போய்விடும். நான் விற்ற ஒரு ஹாட்பேக், இரண்டு வருடம் கழித்து என் தங்கை வீட்டு விசேஷத்துக்கே பரிசாக வந்து சேர்ந்தது. என் கடை ஸ்டிக்கர் அடியில் அப்படியே இருந்தது.

டெடி பியர் விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் கடையில் வருடத்துக்கு இரண்டு திருவிழா: பிப்ரவரி 14, அப்புறம் ஆகஸ்ட் முதல் ஞாயிற்றுக்கிழமை வரும் நண்பர்கள் தினம். பிப்ரவரியில் விற்காமல் மிஞ்சிய பொம்மை, கப்பு, கீ செயின் எல்லாம் ஆகஸ்டில் மேலே வரும். மேலே சொருகும் அட்டை மாறும், சரக்கு மாறாது. அதனால் "ஃப்ரெண்ட்ஷிப் கிஃப்ட்" என்று கடைக்காரன் நீட்டுவதை நம்ப வேண்டாம். இதயம் போட்ட கப்பில் "பெஸ்ட் ஃப்ரெண்ட்" என்று எழுதியிருந்தாலும் பார்க்கிறவர் கண்ணுக்கு இதயம்தான் தெரியும். நீங்கள் இருவர் மட்டும் இருக்கும் போட்டோவைப் பிரேம் போட்டுக் கொடுப்பதும் இதே கணக்குத்தான். வகுப்பு முழுக்க நிற்கும் குரூப் போட்டோ என்றால் பிரச்சினை இல்லை, சொல்லப்போனால் அது நல்ல பரிசு.

இன்னொரு தப்பும் நிறையப் பேர் செய்கிறார்கள். குழந்தை இருக்கிற தோழி என்றால் குழந்தைக்கு ஒரு பொம்மையோ சட்டையோ வாங்கிக் கொடுத்துவிட்டுத் தப்பித்துக்கொள்வது. பாதுகாப்பான வழிதான், மறுக்கவில்லை. ஆனால் யோசித்துப் பாருங்கள். இந்த இரண்டு வருடமாக அவள் வீட்டுக்கு வந்த ஒவ்வொரு பையும் குழந்தைக்காக வந்ததாகத்தான் இருக்கும். பிறந்தநாள் அவளுடையது. பன்னிரண்டு வருடம் முன்பிருந்தே அவளைத் தெரிந்தவர் நீங்கள். அம்மாவாக ஆவதற்கு முன்னால் அவள் எப்படி இருந்தாள் என்று அந்தக் கூடத்தில் உட்கார்ந்திருக்கும் நிறையப் பேருக்குத் தெரியாது, உங்களுக்குத் தெரியும். உங்கள் பரிசு அங்கிருந்து வரவேண்டும்.

விலையைப் பற்றியும் ஒரு வார்த்தை. புதுக்கோட்டை, பேராவூரணிப் பக்கம் ஆடி மாதத்தில் மொய் விருந்து நடக்கும், கேள்விப்பட்டிருப்பீர்கள். யார் எவ்வளவு வைத்தார் என்று நோட்டில் எழுதி, பிறகு அவர் வீட்டு விருந்தில் சேர்த்துத் திருப்பி வைக்க வேண்டும். அது ஒரு நல்ல ஏற்பாடு, பல பேருக்குத் தொழில் தொடங்க முதல் கிடைத்திருக்கிறது. ஆனால் நட்புக்கு அது ஆகாது. பரிசின் விலை ஒரு அளவைத் தாண்டினால் வாங்கினவர் மனதில் மொய் நோட்டு திறந்துவிடும். "இவன் பிறந்தநாளுக்கு நான் என்ன செய்வது" என்று கணக்குப் போட ஆரம்பிப்பாள். 2,000 சரியான தொகை. 1,200-லேயே முடிந்தால் இன்னும் நல்லது.

பரிசு என்றாலே எல்லோரும் அதியமானின் நெல்லிக்கனியை இழுப்பார்கள், நானும் இழுக்கிறேன். உங்கள் கேள்விக்கு அதைவிடப் பொருத்தமான உதாரணம் கிடையாது. ஓர் ஆண் தன் தோழிக்குக் கொடுத்த பரிசு அது. நட்புக்கு உதாரணமாகத்தான் அதைச் சொல்வார்கள். புறநானூற்றில் 91-ஆம் பாட்டு. பெரிய மலைப் பிளவில், ஏறுவதற்கே அரிதான இடத்தில் விளைந்த பழம். சாவை நீக்கும் பழம் என்று அவனுக்குத் தெரியும். அதன் பலனை வாய் திறந்து சொல்லாமல், மனதுக்குள்ளேயே அடக்கிக்கொண்டு கொடுத்தான் என்று ஔவை பாடுகிறார். பழத்தை விட எனக்கு அந்த அடக்கம்தான் பெரிதாகத் தெரிகிறது. கடைக்காரன் பாஷையில் சொன்னால், விலை ஸ்டிக்கரைக் கிழித்துவிட்டுக் கொடுத்திருக்கிறான். "இதைத் தேடி எத்தனை கடை ஏறி இறங்கினேன் தெரியுமா" என்று நீங்களும் சொல்லாதீர்கள்.

சரி, உங்கள் தோழிக்கு என்ன வாங்குவது?

கேள்வியிலேயே பதில் இருக்கிறது. சாத்தூர்க்காரி, வங்கி அதிகாரி. என் முதல் யோசனை ஒரு நல்ல மைப் பேனா. சாத்தூர் என்றால் இன்றைக்குச் சேவும் வெள்ளரிக்காயும்தான் எல்லோருக்கும் நினைவு வரும். ஆனால் ஒரு காலத்தில் பேனா நிப்புக்குப் பேர்போன ஊர் அது. பால்பாயிண்ட் பேனா வந்த பிறகு அந்தத் தொழில் நசிந்தது. அவள் தாத்தா காலத்து ஆட்களைக் கேட்டால் நிப் பட்டறைக் கதைகள் கண்டிப்பாக இருக்கும். அந்த ஊர்ப் பெண், நாள் முழுக்கக் கையெழுத்துப் போடும் வேலை. பேனாவைக் கூடத்தில் பிரிக்கலாம், கணவர் வாங்கி எழுதிப் பார்க்கலாம், யாருக்கும் எந்தச் சந்தேகமும் வராது. அதே சமயம் அது முழுக்க அவளுடைய பொருள். குழந்தையோடும் சமையலறையோடும் அதற்கு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

வாங்கும்போது கவனிக்க வேண்டியவை கொஞ்சம் இருக்கின்றன. நிப் ஃபைன் என்று கேட்டு வாங்குங்கள். வங்கிப் படிவங்களின் தாள் அவ்வளவு உசத்தி இல்லை, தடித்த நிப் என்றால் மை பரவி எழுத்து வீங்கிவிடும். பேனாவின் உடம்பிலேயே நேராக மை ஊற்றும் வகை நம் பள்ளி நாட்களை ஞாபகப்படுத்தும், மையும் நிறையப் பிடிக்கும். ஆனால் மை பாதிக்குக் கீழே போனதும், கைச்சூட்டில் உள்ளே இருக்கும் காற்று விரிந்து மையைக் கக்கும். காட்டன் சேலையில் ஒரு சொட்டு விழுந்தால் உங்கள் நட்புக்கு உத்தரவாதம் இல்லை. மையை உறிஞ்சிக்கொள்ளும் கன்வெர்ட்டர் உள்ள பேனா வாங்குங்கள்.

மை விஷயத்தில்தான் பெரும்பாலும் கோட்டை விடுவார்கள். சாதாரண நீல மை தண்ணீர் பட்டால் கரைந்து ஓடிவிடும். செக்கிலும் பத்திரத்திலும் கையெழுத்துப் போடுகிறவருக்கு அது உதவாது. தண்ணீரில் அழியாத மை என்று கேட்டு ஒரு சின்னப் புட்டி வாங்குங்கள். அந்த வகை மை உள்ளே காய்ந்தால் அடைத்துக்கொள்ளும். இரண்டு மூன்று வாரத்துக்கு ஒருமுறை வெறும் தண்ணீரில் பேனாவைக் கழுவ வேண்டும் என்று ஒரு துண்டுச் சீட்டில் எழுதி வைத்துவிடுங்கள். மூடியில் பெயர் பொறிப்பதாக இருந்தால் அவள் பெயர் மட்டும், அல்லது தலைப்பெழுத்து மட்டும். உங்கள் பெயர் எதற்கு? பேனாவும் மையும் வீட்டில் இருக்க வேண்டாம், ஆபீஸ் மேசையில் இருக்கட்டும் என்றும் சொல்லுங்கள். இரண்டு வயதுப் பையன் கையில் மைப் புட்டி கிடைத்தால் சுவருக்கு வெள்ளையடிக்கும் செலவு உங்கள் பட்ஜெட்டைத் தாண்டும்.

திருவள்ளூரில் எபோனைட் பேனாக்களைக் கையாலேயே கடைசல் பிடித்துச் செய்கிறார்கள். ரப்பரைக் கந்தகத்தோடு சேர்த்துச் சூடாக்கி இறுக்கிய பொருள்தான் எபோனைட். கையில் வழுக்காது, தொடும்போது உலோகம் மாதிரி சில்லென்றும் இருக்காது. விலை உங்கள் தொகையைத் தாண்டும் என்றுதான் நினைக்கிறேன். வகுப்பு நண்பர்கள் மூன்று நான்கு பேர் சேர்ந்தால் முடியும். பலர் சேர்ந்து கொடுப்பதில் இன்னொரு வசதி, அதைப் பார்த்து யாரும் தப்புக் கணக்குப் போட முடியாது.

பேனாவோடு அரைக் கிலோ சாத்தூர் காராச்சேவும் அனுப்புங்கள். இது என் பழைய வித்தை: கூடத்துக்கு ஒன்று, அவளுக்கு ஒன்று. தின்பண்டம் வீடு முழுக்கச் சுற்றும். மாமியாருக்கு ஒரு கிண்ணம் போகும், கணவர் மாலை டீக்குத் தொட்டுக்கொள்வார். "உன் ஃப்ரெண்டு அனுப்பின சேவு நல்லா இருக்கு" என்று ஒரு பேச்சு வந்துவிட்டால் போதும், பேனாவைப் பற்றி அதற்குப் பிறகு யாரும் யோசிக்க மாட்டார்கள். ஊரிலிருந்து நேராக வாங்கியதாக இருந்தால்தான் இது எடுபடும். கோயம்புத்தூர்க் கடையில் "சாத்தூர் சேவு" என்று பெயர் எழுதி வைத்திருப்பதை அவள் ஒரு கடியில் கண்டுபிடித்துவிடுவாள். கோவில்பட்டிக் கடலைமிட்டாயும் சேர்க்கலாம், 2020-ல் புவிசார் குறியீடு வாங்கிய சரக்கு. ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவாவுக்கும் 2019-லேயே கிடைத்துவிட்டது, ஆனால் அதைப் பார்சலில் அனுப்புவது ஆபத்து. நேரில் போனால் மட்டும் எடுத்துப் போங்கள்.

பேனா அவளுக்குச் சரிப்படாது என்று தோன்றினால் அடுத்தது காபி. சின்ன அளவுப் பித்தளை ஃபில்டர், ஒரு டவரா செட். பித்தளை வாங்கினால் உள்பக்கம் வெள்ளீயம் பூசியிருக்கிறதா என்று பாருங்கள். பெரிய ஃபில்டர் வாங்காதீர்கள். ஆறு பேருக்குப் போடும் ஃபில்டரில் இரண்டு பேருக்குப் போட்டால் தூள் மெல்லிசாகப் பரவித் தண்ணீர் கடகடவென்று இறங்கிவிடும், டிகாக்ஷன் தேறாது. கூடவே கால் கிலோ தூள். அவள் சிக்கரி சேர்த்துக் குடிப்பவளா இல்லையா என்று தெரியாமல் வாங்க வேண்டாம், காபிப் பைத்தியங்களுக்கு அது மதம் மாதிரி. ஒரு பழக்கம், மறக்காதீர்கள்: பாத்திரத்தை வெறுமையாகக் கொடுக்கக் கூடாது. கொஞ்சம் சர்க்கரையோ ஒரு நாணயமோ உள்ளே போட்டுக் கொடுங்கள். எனக்கு இதிலெல்லாம் பெரிய நம்பிக்கை கிடையாது. ஆனால் பெரியவர்கள் இருக்கும் வீட்டுக்குப் போகும் பொருள், அவர்களும் சந்தோஷமாக வாங்கட்டும். அதே காரணத்துக்காகக் கைக்குட்டை, கத்தி, கத்தரிக்கோல் எதுவும் வேண்டாம், கறுப்புத் தாளில் பொதியவும் வேண்டாம்.

புத்தகம்? அவள் படிப்பவளாக இருந்தால், ஏற்கெனவே அவளிடம் இல்லாததைக் கண்டுபிடிப்பது உங்கள் பாடு. மாத இதழுக்கு ஒரு வருடச் சந்தா கட்டுவது அதைவிடச் சுலபம், பன்னிரண்டு முறை வீட்டுக்கு வரும். செடி என்றால் மல்லிகைப் பதியன் நல்லது. பூவாகக் கொடுத்தால் ஓர் அர்த்தம், செடியாகக் கொடுத்தால் வேறு அர்த்தம், வேடிக்கைதான். ராமேஸ்வரம் தீவில் உள்ள தங்கச்சிமடம் மல்லிகைப் பதியனுக்குப் பேர்போன இடம். வெயில் படும் மாடி இருந்தால் மட்டும் கொடுங்கள். நவம்பர் கடைசியில் கவாத்து செய்தால், அதாவது கிளைகளை வெட்டிவிட்டால், கோடையில் கொத்துக் கொத்தாகப் பூக்கும். வெயில் இல்லாத ஃப்ளாட் என்றால் பாவம், செடியை விட்டுவிடுங்கள்.

கடைசியாக ஒன்று. என் அனுபவத்தில் எல்லாவற்றையும் விட நன்றாக எடுபட்டது இதுதான், இதற்குக் கடையே தேவையில்லை. அவளிடம் ஏற்கெனவே இருக்கிற, பழுதாகிப் போன ஏதாவது ஒன்றைச் சரிசெய்து கொடுப்பது. அந்தக் கடிகாரத் தோழியிடம் அவள் அம்மா கைப்பட எழுதிய சமையல் குறிப்பு நோட்டு ஒன்று இருந்தது. அட்டை போய், தாள் தாளாகக் கழன்று, ரப்பர் பேண்டு போட்டு வைத்திருந்தாள். பல வருடம் கழித்து அதைக் கேட்டு வாங்கி, காலிகோ பைண்டிங் செய்து கொடுத்தேன். செலவு இருநூறு ரூபாய் கூட ஆகவில்லை. பிரித்துப் பார்த்துவிட்டு ஒன்றும் பேசாமல் மாமியாரிடம் நீட்டினாள். அவர் ஒவ்வொரு பக்கமாகத் திருப்பி, "வத்தக்குழம்புக்கு உங்கம்மா வெல்லம் போடுவாங்களா?" என்று கேட்டார். பிறகு அரை மணி நேரம் அதே பேச்சுத்தான். நான் காபி குடித்துவிட்டுக் கிளம்பினேன்.

உங்கள் தோழியிடம் அப்படி ஏதாவது இருக்கிறதா என்று யோசியுங்கள். அப்பாவின் பழைய ரேடியோ, பாட்டி பாடிப் பதிவு செய்த கேசட், கிழிந்துபோன குடும்பப் போட்டோ. நோட்டு என்றால் பைண்டரிடம் கொடுக்கும் முன் எல்லாப் பக்கத்தையும் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். ஓரத்தை வெட்டாமல் கட்டச் சொல்லுங்கள். பைண்டர்கள் பழக்கதோஷத்தில் மூன்று பக்கமும் மெஷினில் சீவிவிடுவார்கள், ஓரத்தில் நுணுக்கி எழுதியதெல்லாம் அதோடு போய்விடும். அடுத்த மாதம் பிறந்தநாள் என்கிறீர்கள், இதற்கு நேரம் போதாமல் போகலாம். அப்படியானால் இதை அடுத்த வருடத்துக்கு வைத்துக்கொண்டு இப்போதைக்குப் பேனாவை வாங்குங்கள்.

கூட வைக்கும் அட்டையில் நீளமாக எழுத வேண்டாம். "என்றும் உன்" என்று ஆரம்பிக்கும் அச்சடித்த வாசகம் எதுவும் வேண்டாம். கல்லூரியில் நடந்த, நீங்கள் இரண்டு பேரும் இன்றும் சிரிக்கிற ஒரு சம்பவத்தை இரண்டு வரியில் ஞாபகப்படுத்துங்கள். கணவர் படித்துவிட்டு "என்ன கதை இது, சொல்லு" என்று அவளிடம் கேட்கிற மாதிரி இருக்கட்டும். கீழே உங்கள் பெயர், ஊர், தேதி.

பார்சலில் மைப் புட்டியைத் தனியாகப் பாலிதீன் பையில் கட்டி, சேவுப் பொட்டலத்திலிருந்து தள்ளி வையுங்கள். பிறந்தநாளுக்கு இரண்டு நாள் முன்னால் போய்ச் சேரும்படி அனுப்புங்கள். வீட்டு முகவரிக்கே அனுப்புங்கள், ஆபீஸ் முகவரிக்கு வேண்டாம்.